ஒரே பெயர் தாங்கிய நூல்கள்

பெயர் என்பது ஒருவர்க்குப் பிறர் இடுவது. அதனைத் தாங்குவதும் காப்பதுமே பெயருடையார் கடமை. இவ்வுண்மையைப் பிறந்த ஊரிலேயே வாழ்வோரினும் ஊர் விட்டு ஊர் வந்தோர் நன்கு அறிவர். வாளையாற்றைக் கடந்து எலப்புள்ளியில் வந்து குடியேறிய நம் குடும்பங்கட்கு இது நாள்தோறும் நேரும் அனுபவம். நம் பிள்ளைகள் பெரியவர்களாகிக் கடவுச்சீட்டு முதலிய படிவங்களை நிரப்பும்போது 'குடும்பப் பெயர்' என்றொரு கட்டம் எதிர்ப்படுகின்றது. தமிழர்க்குக் குடும்பப் பெயர் ஏது? தந்தை பெயரின் முதலெழுத்தை முன்னே நிறுத்தி வாழ்பவர் நாம். சிலர் ஊர்ப்பெயரின் முதலெழுத்தையும் அதனோடு சேர்ப்பர். நம் அண்டை வீட்டு மலையாள அன்பர் தம் வீட்டுப் பெயரின் எழுத்தை வைத்துக்கொள்வார். ஆதலின் அக்கட்டத்தில் ஒருவர் தந்தை பெயரை எழுதுகின்றார்; ஒருவர் ஊர்ப்பெயரை எழுதுகின்றார்; மற்றொருவர் ஒன்றும் எழுதாது விடுகின்றார். ஒரு தாய் வயிற்றுப் பிள்ளைகள் இருவர் ஏட்டில் இருவேறு குடும்பத்தார்போல் தோன்றுவதும் உண்டு.

இச்சிறு தொல்லை நம்மை ஒரு பெரிய வினாவிடம் கொண்டு சேர்க்கின்றது. வழிவழியாக ஒரே குடும்பப் பெயரைத் தாங்கி வந்த மக்கள் அதனால் எய்திய பயன் யாது? அப்பெயர் இல்லாத நாம் இழந்தது யாது? இவ்வினாவிற்கு விடை காணப் பிரெஞ்சு நாட்டு நூல்களை நாடுவோம். பிரெஞ்சு இலக்கியம் நமக்கு அயலானது அன்று. விக்தர் யூகோவின் பெருங்கதையை நாலப்பாட்டு நாராயண மேனன் 1925ஆம் ஆண்டில் 'பாவங்ஙள்' எனும் பெயரால் மலையாளத்திற்குத் தந்தார். யோகி சுத்தானந்த பாரதியார் அதனையே 'ஏழை படும் பாடு' எனத் தமிழுக்குத் தந்தார். அன்றியும், புதுவையும் காரைக்காலும் மய்யழியும் 1954ஆம் ஆண்டுவரை பிரெஞ்சுக்காரர் ஆட்சியில் இருந்த ஊர்கள். ஆகவே ஒரே பெயர் தாங்கிய பிரெஞ்சு நூல்களைத் தேடிப் புறப்படும் நாம், நம் கடற்கரைகளிலேயே வந்து நிற்போம்.

மய்யழியில் தொடங்கிய பெயர்

எலப்புள்ளிக்கு வடமேற்கே, தலைச்சேரியை அடுத்துக் கடலோரத்தில் இருப்பது மய்யழி. பிரெஞ்சுக் கும்பினியார் 1721ஆம் ஆண்டில் அங்கே வணிகக் களம் அமைத்தனர். இடையே இழந்த அவ்வூரை 1725ஆம் ஆண்டில் படைகொண்டு மீட்டனர். அப்படையெடுப்பில் புகழ் பெற்றவர் பெர்த்ரான் பிரான்சுவா மாஹே தெ லாபூர்தொனே என்னும் கடலோடி. 'மய்யழி' என்னும் சொல்லே பிரெஞ்சு நாவில் 'மாஹே' எனத் திரிந்தது என்பர் ஒரு சாரார். வீரரின் பெயரே ஊர்க்கு வாய்த்தது என்பர் மற்றொரு சாரார். எது எவ்வாறாயினும், செஷல்சுத் தீவுகளுள் பெரியதாகிய மாஹே அவர் பெயரைத் தாங்கியதே என்பதில் ஐயம் இல்லை.

இவர் 1699ஆம் ஆண்டில் பிரான்சின் சேன்மாலோ துறைமுகத்தில் பிறந்தவர், இளமையிலேயே கப்பலேறியவர். 1735ஆம் ஆண்டில், இன்று மொரீசியசு என வழங்கும் தீவிற்கும் அதன் அண்டைத் தீவாகிய ரெயூனியனுக்கும் ஆளுநராகச் சென்றார். போர்ட் லூயிசுத் துறைமுகத்தை நகரமாக்கியவர் இவரே. அந்நகரை எழுப்பப் புதுவையிலிருந்து கொத்தரும் தச்சரும் பிற கைவினைஞரும் அழைத்துச் செல்லப்பட்டனர். ஆப்பிரிக்காவிலிருந்தும் மடகாசுகரிலிருந்தும் கொணரப்பட்ட அடிமைகளின் உழைப்பும் அக்கட்டடங்களில் கலந்திருக்கின்றது. நகரை அமைத்தவர்க்கு இன்று அங்கே சிலை உண்டு. கல் சுமந்து சுவர் எழுப்பிய நம்மவர்க்கு ஏடும் இல்லை, சிலையும் இல்லை. இதனை நினைவில் இருத்தி மேலே செல்வோம்.

கைக்குட்டையில் எழுதிய நூல்

1746ஆம் ஆண்டில் ஆங்கிலேயர்க்கும் பிரெஞ்சுக்காரர்க்கும் போர் மூண்ட காலத்தில் லாபூர்தொனே தம் கப்பற்படையோடு சோழமண்டலக் கரைக்கு வந்தார். செப்டம்பர்த் திங்களில் சென்னைக் கோட்டை அவரிடம் பணிந்தது. பதினொரு இலட்சம் வராகன் மீட்புப் பணம் பெற்றுக்கொண்டு நகரை ஆங்கிலேயரிடமே திருப்பித் தருவது என அவர் உடன்பாடு செய்தார். புதுவை ஆளுநர் டூப்ளே இதற்கு இசையவில்லை. இருவர்க்கும் பெரும்பூசல் விளைந்தது. அக்டோபரில் எழுந்த புயல் லாபூர்தொனேயின் கப்பல்கள் பலவற்றைச் சிதைத்தது. அவர் கரையை விட்டு அகன்றதும் உடன்பாடு காற்றில் பறந்தது.

தாய்நாடு திரும்பிய தளபதிக்குக் கிடைத்த வரவேற்பு பாஸ்டீல் சிறைவாசம். ஆங்கிலேயரிடம் கையூட்டுப் பெற்றார் என்பது குற்றச்சாட்டு. 1748 முதல் 1751 வரை அவர் சிறையில் வாடினார். எழுதுபொருள்கள் மறுக்கப்பட்டமையால், கஞ்சியில் தோய்த்து விறைப்பேற்றிய கைக்குட்டைகளையே ஏடாகவும், காப்பி வண்டலையே மையாகவும் கொண்டு தம் வழக்கை எழுதினார் என்பது வழிவழியாக வழங்கும் செய்தி. அவருடைய தன்விளக்க நூல் 1750ஆம் ஆண்டில் அச்சேறிப் பலராலும் படிக்கப்பெற்றது. 1751இல் குற்றமற்றவர் எனத் தீர்ப்பாயிற்று. ஆயினும் உடல்நலம் கெட்டு 1753ஆம் ஆண்டில் அவர் இறந்தார்.

அவர் மறைந்து முப்பத்தைந்து ஆண்டுகள் கழிந்தபின் அப்பெயர் வேறொருவர் நூலில் உயிர்த்தெழுந்தது. பெர்னார்தேன் தெ சேன்பியேர் என்னும் எழுத்தாளர் 1768 முதல் 1770 வரை மொரீசியசில் வாழ்ந்தவர். 1788ஆம் ஆண்டில் 'பாலும் விர்ஜினியும்' என்னும் கதையை வெளியிட்டார். ஏழைத் தாயர் இருவரின் மக்கள் தீவில் ஒன்றாய் வளர்வதும், பெண் பிரான்சுக்கு அனுப்பப்படுவதும், மீண்டு வருங்கால் கரைக்கு எதிரிலேயே கப்பல் உடைந்து மடிவதும் கதை. 1744ஆம் ஆண்டில் 'சேன்ழெரான்' என்னும் கப்பல் அத்தீவின் கரையில் உண்மையாகவே உடைந்தது. கதையில் அப்பெண்ணைப் பிரான்சுக்கு அனுப்புமாறு குடிசைக்கே வந்து வற்புறுத்துபவர் ஆளுநர் லாபூர்தொனே. வரலாற்று மனிதர் கதை மாந்தராயினார். உலக மொழிகள் பலவற்றில் அக்கதை பரவியபோது அவர் பெயரும் உடன் பரவிற்று.

பேரன் செய்த கைம்மாறு

அதே குடும்பப் பெயர் மூன்றாம் முறையாக நூலின் முகப்பில் ஏறியது 1827ஆம் ஆண்டில். ஆளுநரின் பேரராகிய லூயி சார்லு மாஹே தெ லாபூர்தொனே தம் பாட்டனாரின் வரலாற்றுக் குறிப்புகளைத் தொகுத்துப் பாரிசில் வெளியிட்டார். தாம் காணாத பாட்டனாரின் மீது படிந்த மாசைத் துடைப்பதற்குப் பேரர் எடுத்துக்கொண்ட கருவி நூலே என்பது கருதத்தக்கது.

இப்பேரர் வேறொரு துறையிலும் உலகப் புகழ் எய்தினார். அத்துறை சதுரங்கம்! நம் பாரத நாட்டில் தோன்றிப் பாரசீகம் கடந்து ஐரோப்பாவை அடைந்த ஆட்டத்தில் அவர் தம் காலத்தில் நிகரற்றவராக விளங்கினார். 1833ஆம் ஆண்டில் சதுரங்க நூல் ஒன்றை இயற்றினார். 1834ஆம் ஆண்டில் இலண்டனில் மெக்டொனல் என்பாரோடு 85 ஆட்டங்கள் ஆடி, 45 வென்று, 27 தோற்று, 13 ஆட்டங்களைச் சமனாக முடித்தார். 1836ஆம் ஆண்டில் அவர் தொடங்கிய 'பலமேது' என்னும் இதழே உலகின் முதற் சதுரங்க இதழ். இத்தனை சிறப்பிருந்தும் 1840ஆம் ஆண்டில் இலண்டனில் வறுமையுற்று மாய்ந்தார். பாட்டனார் நம் கடற்கரையில் நகரங்களை வென்று சிறையில் நலிந்தார். பேரர் நம் நாட்டு ஆட்டத்தில் வென்று வறுமையில் நலிந்தார். இருவர் நூல்களும் நூலகத்தில் ஒரே பெயரின்கீழ் அருகருகே அமர்ந்திருக்கின்றன.

தந்தைக்காக மைந்தன்

நம் நாட்டு வரலாற்றோடு பிணைந்த மற்றொரு பெயர் லாலி. 1758ஆம் ஆண்டில் பிரெஞ்சுப் படைத்தலைவராகப் புதுவைக்கு வந்த லாலிப் பெருமகனார், சென்னையை முற்றுகையிட்டும் பிடிக்க மாட்டாது மீண்டார். 1760ஆம் ஆண்டு சனவரியில் வந்தவாசியில் தோற்றார். 1761ஆம் ஆண்டு சனவரியில் புதுவையை ஆங்கிலேயரிடம் ஒப்படைத்தார். தோல்வியின் பழியெல்லாம் அவர் தலையிலேயே விழுந்தது. நாட்டைக் காட்டிக்கொடுத்தார் எனத் தீர்ப்பளித்து, 1766ஆம் ஆண்டு மே 9ஆம் நாள் பாரிசில் அவர் தலையை வெட்டினர். வாயில் துணி அடைத்துக் கொலைக்களத்திற்குக் கொண்டு சென்றனர் என்பர். தம் பெயருக்காக ஒரு சொல் சொல்லவும் அவருக்கு வழி இல்லை.

அச்சொல்லைச் சொன்னவர் மைந்தர். அப்போது பதினைந்து வயதினராகிய லாலி தொலந்தால், வளர்ந்ததும் தந்தையின் பெயரை மீட்பதையே வாழ்வாகக் கொண்டார். பெரும்புலவர் வொல்த்தேர் அவர்க்குத் துணை நின்றார். 1773ஆம் ஆண்டில் இந்தியாவைப் பற்றி எழுதிய நூலில் லாலிக்கு இழைக்கப்பட்ட அநீதியை எடுத்துரைத்தார். 1778ஆம் ஆண்டு மே இறுதியில் அரசரின் மன்றம் அத்தீர்ப்பைத் தள்ளியது. அச்செய்தி வொல்த்தேரைச் சாக்காட்டுப் படுக்கையில் எட்டியது. சில நாளில் அவர் உயிர் நீத்தார். மைந்தரோ பிற்காலத்தில், ஆங்கில நாட்டில் தலை துணிக்கப்பட்ட ஸ்டிராபோர்டு என்னும் அமைச்சரைப் பற்றி ஒரு துன்பியல் நாடகமும் யாத்தார். எவரை நினைந்து எழுதினார் என்பதை நாம் சொல்லவும் வேண்டுமோ?

பெயர் ஒன்று, குடி வேறு

இவ்விடத்தில் ஓர் எச்சரிக்கை வேண்டும். ஒரே பெயர் கண்டவுடன் ஒரே குடி எனத் துணிதல் பிழை. 1735 முதல் 1741 வரை புதுவையில் ஆளுநராக இருந்து, காரைக்காலைப் பிரெஞ்சு ஆட்சியில் சேர்த்தவர் பெனுவா துய்மா. 'மூன்று துப்பாக்கி வீரர்கள்', 'மாண்டி கிறிஸ்டோ' முதலிய கதைகளால் உலகறிந்தவர் அலெக்சாந்தர் துய்மா. இருவர் பெயரும் ஒன்றே. குடி ஒன்று அன்று.

கதையாசிரியரின் பெயர் வந்த வரலாறோ உள்ளத்தை உருக்குவது. கரிபியத் தீவொன்றில் அடிமையாக வாழ்ந்த கறுப்பின மாது மரி செசெத் துய்மா என்பார். அவர்க்கும் பிரெஞ்சுப் பிரபு ஒருவர்க்கும் பிறந்த மகன், படையிற் சேர்ந்தபோது தந்தையின் பெருங்குடிப் பெயரை விடுத்துத் தாயின் பெயரையே பூண்டு, தம் ஆற்றலால் தளபதியானார். அவர் மகனே கதையாசிரியர். அவருடைய மகனும் அதே பெயருடன் 1848ஆம் ஆண்டில் 'கமேலியா மங்கை' என்னும் கதையால் புகழ் பெற்றமையால், உலகம் அவர்களைத் 'தந்தை துய்மா', 'மகன் துய்மா' எனப் பிரித்து வழங்கும். தந்தை துய்மா 1843ஆம் ஆண்டில் எழுதிய 'ழோர்ழு' என்னும் கதையின் களம் மொரீசியசுத் தீவே; நிறவேற்றுமையை எதிர்த்து எழும் ஓர் இளைஞனே அதன் தலைவன். ஆளுநராக ஒரு துய்மா முன்பு பணியாற்றிய தீவிற்கு, குருதித் தொடர்பு சிறிதும் இல்லாத மற்றொரு துய்மா கற்பனையால் பயணம் செய்தார். ஓர் அடிமைத் தாயின் பெயர் இன்று உலக நூலகங்களில் எல்லாம் ஒளிர்கின்றது. ஏட்டில் ஏறிய பெயர்க்கு உயர்வு தாழ்வு இல்லை என்பதற்கு இதனினும் சான்று வேண்டுமோ?

நம்மவர் எழுதியது

இனி நம் வினாவிற்கு மீள்வோம். குடும்பப் பெயர் இல்லாமையால் தமிழர் வரலாறு அழிந்ததா? இல்லை. மேலே சொன்ன பூசல்கள் நிகழ்ந்த நாளில் புதுவையில் அமர்ந்து, கண்டதும் கேட்டதும் தமிழில் எழுதிவந்தார் ஒருவர். அவரே ஆனந்தரங்கப் பிள்ளை. 1709இல் பிறந்து, டூப்ளேயின் தலைமைத் துபாஷியாக உயர்ந்த அவர், 1736ஆம் ஆண்டு செப்டம்பர் முதல் 1761ஆம் ஆண்டுவரை நாட்குறிப்பு எழுதினார். லாபூர்தொனே தம் பக்கத்தைச் சொன்னார். டூப்ளே தம் பக்கத்தைச் சொன்னார். அன்றாடம் நடந்ததை அன்றன்றே எழுதி வைத்தவர் பிள்ளையவர்களே. லாலி புதுவையை ஒப்படைப்பதற்கு நான்கு நாள் முன்னர், 1761ஆம் ஆண்டு சனவரி 12ஆம் நாள் அவர் மறைந்தார். அவர் உறவினர் இரங்கப்ப திருவேங்கடம் பிள்ளை அவர்க்குப் பின்னும் நாட்குறிப்பைத் தொடர்ந்து எழுதினார். குறிப்பேடுகள் வீட்டிலேயே உறங்கின. 1846ஆம் ஆண்டில் கலுவா மோன்பிரேன் என்னும் பிரெஞ்சு அறிஞர் அவற்றைக் கண்டு படியெடுத்தார். 1904 முதல் 1928 வரை பன்னிரண்டு தொகுதிகளாக ஆங்கிலத்திலும் அவை வெளிவந்தன. 'பிள்ளை' என்பது ஐரோப்பியர் பொருளில் குடும்பப் பெயர் அன்று. ஆயினும் அக்குடும்பம் அழியாது நிற்கின்றது. காரணம் பெயர் அன்று, எழுத்தே.

எழுதாதார் நிலை வேறு. 1834ஆம் ஆண்டு முதல் ஏறத்தாழ நாலரை இலட்சம் இந்தியர் ஒப்பந்தக் கூலிகளாக மொரீசியசு சென்றனர். கப்பலிறங்கிய துறையில் எழுத்தர் கேட்டது தந்தை பெயர்; செவியில் விழுந்தவாறு அதனை எழுதினார். காலப்போக்கில் தந்தை பெயரே குடும்பப் பெயராக உறைந்தது. முத்துச்சாமியும் வீரப்பனும் பிரெஞ்சு எழுத்துக் கூட்டலில் உருமாறிப் பேரன் கொள்ளுப்பேரன்வரை சென்றனர். இன்று தம் முன்னோர் ஊரைத் தேடுவோர், அப்பதிவேட்டின் எண்ணையே பற்றுக்கோடாகக் கொண்டு தேடுகின்றனர். அத்தகைய கூலிக் குடும்பத்தின் வழித்தோன்றலாகிய நத்தாஷா அப்பனா என்னும் அம்மையார் பிரெஞ்சு மொழியில் எழுதிப் புகழ் பெற்றிருக்கின்றார்; 2003ஆம் ஆண்டில் வெளிவந்த அவருடைய முதற் கதையே அக்கூலிகளைப் பற்றியது; ஆந்திர நாட்டிலிருந்து சென்ற தம் முன்னோரைப் பற்றி 2023ஆம் ஆண்டிலும் ஒரு நூல் எழுதினார். எழுத்தர் பதிந்த பெயர் இன்று நூலின் முகப்பில் நிற்கின்றது!

புதுவையிலும் பெயர் பூணும் வரலாறு ஒன்று நிகழ்ந்தது. 1881ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி, தம் மரபு வழக்குரிமையைத் துறந்து பிரெஞ்சுச் சட்டத்தின்கீழ் வர விரும்பிய தமிழர் புதிய குடும்பப் பெயர் சூடிக்கொண்டனர். காலணி அணிந்து நீதிமன்றம் புகுந்ததற்காக 1873ஆம் ஆண்டில் தடுக்கப்பட்டுப் பாரிசுவரை வழக்காடிய பொன்னுத்தம்பிப் பிள்ளை தேர்ந்துகொண்ட பெயர் 'லாபோர்த்'. அச்சொல்லின் பொருள் 'கதவு'. அடைத்த கதவு கண்டவர் கதவையே பெயராக்கிக் கொண்டார் என எண்ணத் தோன்றுகின்றது.

நம் கடமை

மேற்கூறியவற்றால் நாம் கொள்ளத்தக்கது ஒன்றே. பெயரால் மட்டும் குடும்பம் நிலைப்பதில்லை. லாபூர்தொனேயின் பெயரை நிறுத்தியது பேரரின் நூல். லாலியின் பெயரை மீட்டது மைந்தரின் நூல். அரங்கப் பிள்ளையைக் காத்தது அவரே எழுதிய ஏடு. போர்ட் லூயிசில் சுவர் எழுப்பிய புதுவைக் கொத்தர்க்கு எழுதுவார் இல்லாமையால் பெயரும் இல்லை.

நாமும் அக்கொத்தர் இனத்தவரே. எலப்புள்ளிக்கும் கஞ்சிக்கோட்டிற்கும் பிழைப்புத் தேடி வந்தவர்களும், இடுக்கி மலையில் தேயிலையும் ஏலமும் பறித்தவர்களும் கூலிப் பேரேட்டில் மட்டும் பெயர் உடையவர்கள். வேலை முடிந்ததும் அப்பேரேடும் போயிற்று. நம் பிள்ளைகளுள் எத்தனை பேர்க்குத் தம் பெயரின் முன்னெழுத்து எவரைக் குறிக்கும் என்பது தெரியும்? தந்தை பெயரைச் சொல்வர். பாட்டனார் பெயரில் தயங்குவர். பாட்டியார் பெயரில் நின்றுவிடுவர். பள்ளியில் மலையாளம் பயின்று வளரும் பிள்ளைக்குத் தமிழில் எழுதிய குறிப்பொன்று வீட்டில் இல்லையாயின், இன்னும் ஒரு தலைமுறையில் நம் குடும்பங்களின் வரலாறு எவர்க்குத் தெரியும்?

ஆதலின் சங்க அன்பர்கட்கும் தாய்மார்கட்கும் நாம் விடுக்கும் வேண்டுகோள் இது. ஒவ்வொரு வீட்டிலும் ஒரு குறிப்பேடு வைப்போம். முதற் பக்கத்தில் மூன்று தலைமுறையின் பெயர்களை, பெண்கள் பெயரையும் விடாது, எழுதுவோம். எந்த ஊரிலிருந்து எந்த ஆண்டில் எத்தொழில் நாடி இங்கு வந்தோம் என்பதைக் குறிப்போம். முதியோர் சொல்லப் பிள்ளைகள் எழுதட்டும். எழுதுவதற்காகவேனும் அவர்கள் தமிழ் எழுத்தைப் பழகட்டும். அவற்றின் படிகளைச் சங்கத்தில் சேர்த்து வைப்போம். படிவத்தின் கட்டத்தில் எதை எழுதினும் எழுதுக. வீட்டின் ஏட்டில் மட்டும் உண்மைப் பெயர்களை எழுதுக. சிறைப்பட்ட ஒருவர்க்குக் கஞ்சியிட்ட கைக்குட்டை போதுமாயிருந்தது. நமக்கு நாற்பது பக்க நோட்டுப் புத்தகம் போதாதோ?

வாழ்க தமிழ்! வளர்க நம் சங்கம்!